மனு தூங்கும், காலம் தூங்காது

தென்காசிக்கு அடுத்தாற்போல் குத்துக்கல்வலசை என்று ஓர் ஊர் இருக்கிறது. ஊர்ப் பெயரிலேயே ஒரு கல் நிற்கிறது. குத்துக்கல் என்றால் நட்டு வைத்த கல்தானே? இந்த வாரம் நாம் பேசப் போவதும் நட்டு வைத்த கல்லைப் பற்றித்தான். வயல் வரப்பிலும் தோப்பு ஓரத்திலும் வீட்டுமனை மூலையிலும் சர்வே இலாகா நட்டு வைத்த கல். அந்தக் கல் காணாமல் போனாலோ, இடம் மாறி நின்றாலோ, இரண்டு குடும்பங்களுடைய நிம்மதியும் அதோடு போய்விடுகிறது.

குத்துக்கல்வலசையில் இரண்டு தென்னந்தோப்புகள் பக்கத்தில் பக்கத்தில் இருப்பதாக வைத்துக்கொள்வோம். கதைக்காகத்தான் சொல்கிறேன், யாரும் தம்மைக் குறித்து எழுதியதாக எண்ண வேண்டாம். ஒருநாள் கீழத்தோப்புக்காரர் சொல்கிறார்:

"அண்ணாச்சி, புது வேலி கொஞ்சம் நம்ம பக்கம் தள்ளி வந்தாப்பிலே தெரியுதே?"

"என்ன தம்பி இப்படிச் சொல்லுதீய! எங்க அப்பா காலத்திலே இருந்து இதே வேலிதான். சந்தேகம்னா சர்வேயரைக் கூட்டி அளந்து பாத்துக்கிடுங்க!"

அண்ணாச்சி சொன்னது நியாயமான பேச்சு. தம்பியும் நியாயமாகவே தாலுகா ஆபீஸுக்குப் போய், பணம் கட்டி, எல்லையை அளந்து காட்டும்படி மனுக் கொடுக்கிறார். அங்கேதான் கதை நின்றுவிடுகிறது. சர்வேயருக்குத் தேர்தல் வேலை, அப்புறம் நிலம் எடுப்பு வேலை, அப்புறம் மாற்றல். புதிதாக வந்தவர் கட்டைப் பிரிப்பதற்குள் குற்றாலத்தில் சீஸன் வந்து போய்விடுகிறது. மறு சீஸனும் வந்து போகிறது. தம்பி திங்கட்கிழமைக் குறைதீர்க்கும் நாளில் ஒரு மனு, ஜமாபந்தியில் ஒரு மனு என்று கொடுத்துக்கொண்டே இருக்கிறார். அவர் மனசில் ஒரு நம்பிக்கை: "மனு கொடுத்து வைத்திருக்கிறேன். ஆகையால் என் உரிமை பத்திரமாக இருக்கிறது."

நேயர்களே, இந்த நம்பிக்கையைப் போல ஆபத்தானது வேறில்லை. ஆபீஸில் மனு தூங்கினாலும் சட்டத்தின் கடிகாரம் தூங்குவதில்லை.

இரண்டு லிங்க் தானே?

"இரண்டு லிங்க் நிலத்துக்காகவா இவ்வளவு அமர்க்களம்?" என்று கேட்பவர்கள் உண்டு. கணக்குப் பார்க்கலாம். பழைய சர்வே சங்கிலி 66 அடி. அதில் 100 லிங்க். ஒரு லிங்க் எட்டு அங்குலத்துக்குச் சற்றுக் குறைவு. தோப்பு எல்லை 200 லிங்க் நீளம் என்றால், வேலி இரண்டே லிங்க் உள்ளே வந்தால் போய்விடுவது 400 சதுர லிங்க். அதாவது ஒரு சென்டில் பத்தில் நாலு பங்கு. சுமார் 174 சதுர அடி! ஒரு நல்ல அறை கட்டலாம். 2019 நவம்பர் 22-இல் தென்காசி தனி ஜில்லாவாகி, சுற்று வட்டாரத்துத் தோப்புகளெல்லாம் மனைகளாக மாறி வருகிற காலத்தில், 174 சதுர அடி லேசான சங்கதி அல்ல.

அளப்பதில் நமக்கு அனுபவம் இல்லாமலும் இல்லை. 1802-இல் சென்னைப் பரங்கிமலைக்கு அருகே லாம்டன் துரை தொடங்கி வைத்த அளவை, பின்னால் குமரி முனையிலிருந்து இமயமலை அடிவாரம் வரை நீண்டது. 1956 நவம்பர் முதல் தேதியன்று திருவிதாங்கூர்ப் பக்கமிருந்த செங்கோட்டை நம் பக்கம் வந்து சேர்ந்தபோது இரண்டு ராஜ்யங்களின் எல்லையே மாறியது. அவ்வளவு பெரிய எல்லைகளெல்லாம் தீர்ந்துவிட்டன. இரண்டு தென்னந்தோப்புக்கு நடுவேயுள்ள எல்லைதான் தீரமாட்டேன் என்கிறது!

சர்வேயர் என்ன செய்யலாம், என்ன செய்ய முடியாது?

நம் மாநிலத்தில் இதற்கான தாய்ச் சட்டம் 1923-ஆம் வருஷத்துச் சர்வே எல்லைகள் சட்டம். அதன்படி சர்வே நடக்கும்போது சம்பந்தப்பட்டவர்களுக்கு நோட்டீஸ் கொடுக்க வேண்டும். எல்லையில் தகராறு இருந்தால், இரு தரப்பையும் விசாரித்து, காரணங்களை எழுத்தில் வைத்து, சர்வே அதிகாரி முடிவு செய்ய வேண்டும். அந்த முடிவு பிடிக்காதவர் மூன்று மாதத்துக்குள் அப்பீல் செய்யலாம். எல்லாம் முடிந்ததும் ஜில்லா கெஜட்டில் அறிவிப்பு வரும். வந்த பிறகு அந்த சர்வே ரிக்கார்டே எல்லைக்கு முடிவான சாட்சி. அதை மாற்ற வேண்டுமானால் அறிவிப்பு வந்த தேதியிலிருந்து மூன்று வருஷத்துக்குள் சிவில் கோர்ட்டில் தாவாப் போட வேண்டும். இவை அந்தச் சட்டத்தின் 13, 14-ஆம் பிரிவுகள்.

ஆனால் தம்பி கேட்பது புது சர்வே அல்ல. ஏற்கெனவே சர்வே ஆகி, புலப்படத்தில் கோடு போட்டு, அளவும் குறித்திருக்கிறது. அந்தக் கோடு தரையில் எங்கே வருகிறது என்று காட்டச் சொல்கிறார், அவ்வளவுதான். இதை நம் பக்கத்தில் அத்துக் காட்டுவது என்பார்கள். இது சர்வேயர் செய்ய வேண்டிய வேலை. செய்ய மாட்டேன் என்று சொல்ல அவருக்கு உரிமை இல்லை. சும்மா போட்டு வைக்கவும் உரிமை இல்லை.

அதே சமயம், "அந்த நிலமே என்னுடையது, பத்திரத்தில் நாலு மாலும் எனக்குத்தான் எழுதியிருக்கிறது" என்று இருவரும் சண்டை போட்டால், அது எல்லைச் சண்டை அல்ல, பாத்தியதைச் சண்டை. அதைத் தீர்க்கத் தாசில்தாருக்கு அதிகாரம் இல்லை. பட்டா என்பது பாத்தியதைப் பத்திரம் அல்ல என்று கோர்ட்டுகள் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கின்றன. 1983-ஆம் வருஷத்துப் பட்டா பாஸ் புத்தகச் சட்டமும், உரிமைப் பிரச்னைக்குச் சிவில் கோர்ட்டில் விளம்புகைத் தாவாப் போட்டுக்கொள்ளும்படிதான் வழிகாட்டுகிறது. பாத்தியதைத் தகராறு என்று தெரிந்ததும் ரெவின்யூ அதிகாரிகள் கட்சிக்காரர்களைச் சிவில் கோர்ட்டுக்கு அனுப்பிவிட வேண்டும் என்று சென்னை ஹைகோர்ட்டு 2011-இல், காஞ்சிபுரம் ஜில்லாவிலிருந்து வந்த ஒரு வழக்கில் சொல்லியிருக்கிறது.

ஆகவே உங்கள் சண்டை எந்த ஜாதிச் சண்டை என்பதை முதலில் தெரிந்துகொள்ளுங்கள். கோடு எங்கே என்பதா? நிலம் யாருடையது என்பதா? மருந்து வேறு வேறு.

கோர்ட்டுக்கு முன்னால் காகிதம்

ஹைகோர்ட்டுக்குப் போவதற்கு முன்னால் உங்கள் கையில் காகிதம் இருக்க வேண்டும். வாய்ப்பேச்சாக "பத்துத் தடவை நடந்தேன் சார்" என்றால் கோர்ட்டில் எடுபடாது.

மனுவில் கிராமம், சர்வே எண், உட்பிரிவு, எந்தப் பக்கத்து எல்லை என்பதைத் தெளிவாக எழுதுங்கள். கட்டணம் கட்டிய ரசீதைப் பத்திரமாக வையுங்கள். தபாலில் அனுப்பினால் ஒப்புகை அட்டையோடு அனுப்புங்கள். இ-சேவை மையத்தில் கொடுத்தால் எண் குறித்த சீட்டை வாங்குங்கள். புலப்பட நகல், 'அ' பதிவேட்டு நகல், சிட்டா, பத்திரம், வில்லங்கச் சான்று எல்லாம் ஒரே கட்டில் இருக்கட்டும். பழைய அளவு லிங்கிலும், புதிய அளவு மீட்டரிலும் இருக்கும், பயப்பட வேண்டாம். ஓர் ஏர் என்பது 100 சதுர மீட்டர். ஏறக்குறைய இரண்டரை சென்ட்.

பொதுமக்கள் மனுவுக்கு மூன்று நாளில் ஒப்புகை, ஒரு மாதத்தில் முடிவு என்று அரசாங்கமே விதி வைத்திருக்கிறது. 2015 செப்டம்பரில் பணியாளர், நிர்வாகச் சீர்திருத்தத் துறை பிறப்பித்த 99-ஆம் எண் அரசாணை அது. நினைவூட்டுக் கடிதம் எழுதும்போது அந்த அரசாணையின் எண்ணையும் ஒரு வரியில் எழுதிவிடுங்கள். கெஞ்சுகிற கடிதத்தைவிட அரசாணை தெரிந்தவர் எழுதுகிற கடிதம் சீக்கிரம் நகரும்.

அதற்கும் அசையாவிட்டால் 2005-ஆம் வருஷத்துத் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது. "என் மனுவின் மேல் இன்ன தேதி முதல் இன்ன தேதி வரை யார் யார், என்ன நடவடிக்கை எடுத்தார்கள்? தேதிவாரியாகக் குறிப்புத் தாள்களின் நகல் வேண்டும்" என்று கேளுங்கள். 30 நாளில் பதில் வர வேண்டும். காரணமின்றித் தாமதித்த தகவல் அதிகாரிக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 ரூபாய் வரை தகவல் ஆணையம் அபராதம் போடலாம். பல கட்டுகள் இந்த ஒரு கேள்வியிலேயே தூக்கம் கலைந்து எழுந்து உட்காருகின்றன. எழாவிட்டாலும் நஷ்டமில்லை, வந்த பதில் கோர்ட்டில் நல்ல சாட்சி.

மதுரைக்கு ஒரு பயணம்

அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவு ஹைகோர்ட்டுக்கு ஒரு பெரிய அதிகாரத்தைக் கொடுத்திருக்கிறது. சட்டப்படி செய்ய வேண்டிய கடமையைச் செய்யாமல் இருக்கிற அதிகாரியை, "செய்" என்று உத்தரவிடுகிற அதிகாரம். இதற்கு மாண்டமஸ் என்று பெயர். தமிழில் செயலுறுத்தும் ஆணை. தென்காசிக்காரர்கள் இதற்காகச் சென்னைக்குப் போக வேண்டியதில்லை. 2004 ஜூலை 24 முதல் மதுரையிலேயே ஹைகோர்ட்டுக் கிளை நடக்கிறது.

இங்கே மூன்று விஷயங்களை மனத்தில் பதித்துக்கொள்ளுங்கள்.

முதலாவது: ஹைகோர்ட்டு உங்கள் எல்லை எங்கே என்று சொல்லாது. "மனுதாரரின் மனுவை, எதிர்த்தரப்புக்கும் நோட்டீஸ் கொடுத்து, சட்டப்படி விசாரித்து, இத்தனை வாரத்துக்குள் முடிவு செய்" என்று தாசில்தாருக்குச் சொல்லும். முடிவு உங்களுக்குச் சாதகமாகத்தான் இருக்க வேண்டும் என்று அதற்கு அர்த்தம் இல்லை. ஹைகோர்ட்டில் ஜெயித்துவிட்டதாக ஊரில் வெடி வெடிப்பவர்கள் இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்வது நல்லது.

இரண்டாவது: பக்கத்துத் தோப்பு அண்ணாச்சியையும் ரிட் மனுவில் எதிர்மனுதாரராகச் சேர்த்துவிடுங்கள். அவருக்குத் தெரியாமல் வாங்கிய உத்தரவைக் கொண்டு அளந்தால், மறுநாளே அவர் கோர்ட்டுக்குப் போவார். நீங்கள் மறுபடியும் ஆரம்பத்துக்கு வருவீர்கள்.

மூன்றாவது: உத்தரவு கைக்கு வந்ததும் அதன் நகலை ஆபீஸில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். கெடு முடிந்தும் நடக்கவில்லையானால், 1971-ஆம் வருஷத்துக் கோர்ட்டு அவமதிப்புச் சட்டப்படி மனுப் போடலாம். அதற்கும் ஒரு வருஷக் கெடு உண்டு. கெடுவைத் தவறவிட்டால் கையில் இருக்கும் உத்தரவு சட்டம் போட்டு மாட்டத்தான் ஆகும்.

இன்னொரு எச்சரிக்கை. "மனுவைப் பரிசீலி" என்று ஹைகோர்ட்டு உத்தரவிட்டுவிட்டால், செத்துப்போன உரிமைக்கு உயிர் வந்துவிடும் என்று சிலர் எண்ணுகிறார்கள். 2008-இல் நம் மாநிலத்துச் சுரங்கத் துறையைப் பற்றிய ஒரு வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதைப் பளிச்சென்று சொல்லிவிட்டது. வேலையை விட்டு நீக்கப்பட்டவர் மிகப் பல வருஷங்கள் கழித்து மனுக் கொடுத்தார். கோர்ட்டு பரிசீலிக்கச் சொன்னது. இலாகா பரிசீலித்துப் பதில் போட்டது. அந்தப் பதில் வந்த தேதியிலிருந்து காலக்கெடு புதிதாக ஆரம்பிக்காது என்பதுதான் அங்கே கிடைத்த பாடம். அது வேலை வழக்குத்தான். ஆனால் பாடம் தோப்புக்கும் பொருந்தும்.

உண்மையான பாதுகாப்பு எங்கே?

இப்போது கடிகாரத்துக்கு வருவோம். ஒருவர் உங்கள் நிலத்தைத் தமதென்று சொல்லி, வெளிப்படையாக, இடைவிடாமல் 12 வருஷம் அனுபவித்துவிட்டால், 1963-ஆம் வருஷத்துக் காலவரையறைச் சட்டப்படி உங்கள் உரிமையே அணைந்துபோகலாம். அப்படி அனுபவித்தவர் தாமே வாதியாக வந்து உரிமை கேட்கலாம் என்றும் சுப்ரீம் கோர்ட்டு 2019-இல் சொல்லிவிட்டது. இந்த 12 வருஷக் கணக்கில், நீங்கள் தாலுகா ஆபீஸுக்கு மனுப் போட்டுக் காத்திருந்த வருஷங்களைக் கழிக்க மாட்டார்கள். விளம்புகை கேட்கிற தாவாவுக்குப் பொதுவாக மூன்றே வருஷம்தான், வழக்குக் காரணம் எழுந்த நாளிலிருந்து.

ஆகவே ரிட் மனு ஆபீஸை எழுப்பும் மணி. சிவில் தாவாதான் உரிமையைக் காக்கும் பூட்டு. மணி அடித்துவிட்டுப் பூட்டாமல் படுத்துக்கொள்ளாதீர்கள்.

பக்கத்துக்காரர் சுவர் எழுப்ப ஆரம்பித்துவிட்டாரா? சர்வேயருக்காகக் காத்திருக்க வேண்டாம். அன்றைக்கே வக்கீலைப் பார்த்து, சிவில் கோர்ட்டில் தாவாப் போட்டு, இடைக்காலத் தடை கேளுங்கள். சுவர் எழும்புவதற்கு முன் கேட்பதற்கும், கூரை போட்டபின் இடிக்கக் கேட்பதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம்.

சிவில் கோர்ட்டில் இன்னொரு வசதியும் இருக்கிறது. பலருக்கு இது தெரிவதில்லை. சிவில் நடைமுறைச் சட்டத்தில் 26-ஆம் கட்டளை, 9-ஆம் விதிப்படி கோர்ட்டே ஒரு கமிஷனரை நியமித்து, சர்வேயர் துணையோடு நிலத்தை அளந்து படத்தோடு அறிக்கை தரச் சொல்லலாம். தாலுகா ஆபீஸில் வருஷக் கணக்கில் நடக்காத அளவை, கமிஷனர் நோட்டீஸ் போட்டதும் இரண்டு தரப்பு வக்கீல்களும் பார்த்துக்கொண்டிருக்க நடந்துவிடுவதுண்டு. ஹரியானா வக்ஃபு வாரியத்துக்கும் பக்கத்து நிலக்காரர்களுக்கும் நடந்த எல்லை வழக்கு சுப்ரீம் கோர்ட்டு வரை போனபோது, இம்மாதிரித் தகராறில் கீழ்க் கோர்ட்டு கமிஷனரை நியமித்திருக்க வேண்டும் என்றுதான் தீர்ப்பாயிற்று. 2008-ஆம் வருஷத்துச் சட்ட அறிக்கைகளில் அந்தத் தீர்ப்பு இருக்கிறது. உங்கள் வக்கீலிடம் ஞாபகப்படுத்துங்கள்.

தாவாவில் சர்க்காரையும் பிரதிவாதியாகச் சேர்க்க வேண்டியிருந்தால், 80-ஆம் பிரிவு நோட்டீஸ் கொடுத்து இரண்டு மாதம் பொறுக்க வேண்டும். அவசரமானால் கோர்ட்டின் அனுமதியோடு நோட்டீஸ் இல்லாமலே போடலாம்.

நஷ்ட ஈடு கிடைக்குமா?

"என்னை இத்தனை வருஷம் அலைக்கழித்தார்களே, அதற்கு யார் பதில் சொல்வது?" என்று கேட்பீர்கள். 1993-இல் லக்னோ வளர்ச்சி ஆணையத்தின் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதற்கு ஒரு நல்ல வார்த்தை சொல்லியிருக்கிறது. அதிகாரத்தை வைத்துக்கொண்டு சாமானிய மனிதனைத் துன்புறுத்தினால் நஷ்ட ஈடு கொடுக்க வேண்டும். அந்தப் பணத்தையும் ஜனங்களின் வரிப்பணத்திலிருந்து அல்ல, காரணமான அதிகாரிகளிடமிருந்தே வசூலிக்க வேண்டும் என்பது அதன் சாரம். ஆனால் இதை நம்பிக் கடன் வாங்கிவிடாதீர்கள்! வெறும் தாமதத்துக்கும் வேண்டுமென்றே செய்த துன்புறுத்தலுக்கும் வித்தியாசம் உண்டு. இரண்டாவதை நிரூபிக்க வேண்டும். மேலே சொன்ன காகிதக் கட்டு அங்கேயும் உதவும்.

செய்யக் கூடாதவை

கோபத்தில் இரவோடு இரவாகக் கல்லைப் பிடுங்கி நட்டுவிடாதீர்கள். அதிகாரிகள் நட்ட எல்லைக் கல்லை அழிப்பதும் நகர்த்துவதும் பழைய தண்டனைச் சட்டத்திலேயே 434-ஆம் பிரிவுப்படி ஒரு வருஷம் வரை சிறைக்குரிய குற்றம். 2024 ஜூலை முதல் தேதி அமலுக்கு வந்த புதிய சட்டத்திலும் அது குற்றமாகவே இருக்கிறது. உங்கள் பக்கம் நியாயம் இருந்தாலும், கல்லைத் தொட்ட நிமிஷத்திலிருந்து நீங்கள் குற்றவாளிக் கூண்டில் நிற்பீர்கள். அண்ணாச்சி சாட்சிக் கூண்டில் நிற்பார்.

கடைசியாக ஒரு வார்த்தை. எல்லா எல்லைத் தகராறும் கோர்ட்டில்தான் முடிய வேண்டும் என்பதில்லை. 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் சட்டப்படி தாலுகா அளவிலும் சட்டப் பணிகள் குழுக்கள் இருக்கின்றன. பெண்கள், ஹரிஜன, ஆதிவாசி வகுப்பினர் என்று அந்நாளில் நாம் சொல்லிவந்த பட்டியல் ஜாதியார், பழங்குடியினர், வருமானம் குறைந்தோர் முதலியவர்களுக்கு அங்கே இலவச வக்கீல் உதவி கிடைக்கும். லோக் அதாலத்தில் சமரசம் செய்துகொண்டால் அது கோர்ட்டுத் தீர்ப்புக்குச் சமானம். அதன் மேல் அப்பீல் இல்லை. கட்டிய கோர்ட்டுக் கட்டணமும் திரும்பி வரும். இருவரும் சேர்ந்து, ஒரே நாளில், ஒரே சர்வேயரைக் கொண்டு அளந்து, "கல் எங்கே விழுகிறதோ அங்கே வேலி" என்று கையெழுத்துப் போட்டுக்கொண்டால், பேரன்மார் ஒருவர் வீட்டுக் கல்யாணத்துக்கு ஒருவர் போய்ச் சாப்பிடுவார்கள்.

அதற்கு அண்ணாச்சி இசையவில்லையா? அப்படியானால் இன்றைக்கே மனுக் கட்டை எடுத்து, முதல் மனுவின் தேதியைப் பாருங்கள். அதிலிருந்து எத்தனை வருஷம் ஆயிற்று என்று விரல் விட்டு எண்ணுங்கள். வேலி எந்த வருஷம் போட்டது என்பதையும் அதன் பக்கத்தில் எழுதுங்கள். அந்த இரண்டு தேதிகளையும் எடுத்துக்கொண்டு, இந்த வாரமே ஒரு வக்கீலைப் பார்த்துவிடுங்கள்.